சொடுக்குக்கு ஒரு கோடு

சீவலக்கா என்றால் அந்த ஆராய்ச்சி நிலையத்தில் கேட்டைத் திறந்துவிடும் காவலாளிக்குக்கூடத் தெரியும். இருபத்திரண்டு வருஷமாக அவள் செய்துவந்தது ஒரே வேலை, மரத்தைச் சீவுவது. தச்சர் சீவுகிற மாதிரி இல்லை. மைக்ரோடோம் என்ற கனத்த இரும்பு இயந்திரத்தில் விரல் பருமனுள்ள மரத்துண்டைப் பொருத்தி, ஒரே இழுப்பில், தலைமுடியின் கனத்தில் கால் பங்குக்கு ஒரு படலம் எடுப்பாள். அது கத்திமேல் சுருண்டுகொள்வதற்குள் ஈரத் தூரிகையால் தொட்டெடுத்து, கண்ணாடியில் படுக்கவைத்து, ஒரு சொட்டு கிளிசரின் விட்டு மூடுவாள். மைக்ரோஸ்கோப்பில் கண்ணை வைத்தால் வட்டம் வட்டமாக ஓட்டைகள் தெரியும். அந்த ஓட்டைகளைப் பார்த்தே இது இன்ன மரம், இத்தனை வயசு, போன வருஷம் மழை பொய்த்தது என்று சொல்லிவிடுவாள். ஒரு ஸ்லைடைக்கூட அவள் தப்பாகப் படித்ததில்லை. கழுத்தில் காதில் எதுவும் போட்டுக்கொள்ளாத பெண்ணுக்கு அது ஒன்றுதான் நகை.

அந்த ஓட்டைகள்தான் சைலக் குழாய்கள். வேர் உறிஞ்சுகிற தண்ணீர் இலைவரைக்கும் ஏறுவது அவற்றின் வழியாகத்தான். குழாயாகப் போகிற செல்கள் ஒன்றன்மேல் ஒன்றாக நின்று, சுவரைக் கெட்டியாக்கிக்கொண்டு, நடுவில் இருக்கும் தடுப்பைக் கரைத்துவிட்டு, உள்ளே இருப்பதையெல்லாம் காலிசெய்துகொண்டு செத்துப்போகும். அதற்கப்புறம்தான் தண்ணீர் ஓடும். புதிதாக வரும் மாணவர்களுக்கு இதை டாக்டரம்மா சொல்கிற விதமே தனி.

"உயிரோட இருக்கிற வரைக்கும் எதுக்கும் உதவாத செல்லு. செத்தாத்தான் உபயோகம். உங்கள்ல சில பேரும் அப்படித்தான்."

மாணவர்கள் சிரிப்பார்கள். சிரிக்காதவர்கள் அந்த வருஷம் கஷ்டப்படுவார்கள். டாக்டரம்மாதான் அந்தத் துறைக்குத் தலைவி. குரலை உயர்த்தமாட்டார். யாரையும் திட்டியதில்லை. ஒருவருக்கு எது வலிக்கும் என்று கண்டுபிடிக்கும்வரை பொறுமையாக இருப்பார், அவ்வளவுதான்.

சீவலக்கா தன் தங்கையின் புருஷனை அங்கே தோட்ட வேலைக்குச் சேர்த்துவிட்டு இரண்டு வருஷம் ஆகியிருந்தது. அவள் "மாப்பிள்ளே" என்று கூப்பிடப்போக, நிலையம் முழுவதுமே அவனை மாப்பிள்ளை என்றுதான் கூப்பிட்டது. ஒல்லியான, வெட்கம் பிடித்த ஆள். நாற்றுப் பண்ணையில் வளர்ந்தவன். கன்றைத் தொட்டி மாற்றும்போது கைக்குழந்தையின் தலையைத் தாங்குவதுபோல வேர்மண்ணைத் தாங்குவான். வேலை இன்னும் தற்காலிகம்தான். மூன்று மாதத்தில் நிரந்தரமாக்கும் பட்டியல் போகவேண்டும். அதில் டாக்டரம்மா கையெழுத்துப் போடவேண்டும். தங்கைக்கு நாலு வயசில் ஒரு பெண் குழந்தை. அந்தக் கையெழுத்தை நம்பித்தான் அந்த வீட்டில் எல்லாமே நின்றது.

அந்தக் கோடையில் டாக்டரம்மா கண்ணாடி வீட்டில் ஒரு சோதனை தொடங்கினார். ஒரே வயசில் அறுபது கன்றுகள், அறுபது தொட்டிகள். முப்பதுக்குத் தினமும் தண்ணீர். மீதி முப்பதுக்குச் சாகிறவரை சொட்டுத் தண்ணீர் கிடையாது. மண் காயக் காய, குழாய்களுக்குள் இருக்கும் தண்ணீர் மேலும் கீழுமாக இழுபட்டு, ஒரு கட்டத்தில் அறுந்துபோகும். அறுந்த இடத்தில் காற்றுப் புகுந்துவிட்டால் அந்தக் குழாய் அதோடு சரி. அறுகிறபோது ஒரு சத்தம் வரும். மனுஷக் காதுக்கு எட்டாத சத்தம். அதைப் பிடிக்கத் தண்டில் ஒரு கருவியைக் கவ்வவிட்டிருந்தார்கள். முப்பது கன்றின் சத்தமும் ஓசையில்லாமல் கம்ப்யூட்டரில் ஏறிக்கொண்டிருந்தது. பார்க்க வருகிறவர்கள் கேட்கட்டும் என்று ஒரே ஒரு கன்றுக்கு மட்டும் ஸ்பீக்கர் மாட்டியிருந்தார் டாக்டரம்மா. அது பதினேழாம் நம்பர்.

டிக். விரல் சொடுக்குகிற மாதிரி. காலையில் ஒன்றிரண்டு, வெயில் ஏற ஏற அடுப்பில் உப்பைப் போட்டதுபோலப் படபடவென்று.

கண்ணாடி வீட்டில் நாளெல்லாம் இருக்கவேண்டியவன் மாப்பிள்ளை.

இருபதாம் நாள் காலையில் டாக்டரம்மா வரிசையாகப் பார்த்துக்கொண்டு வந்தார். பதினாறு தொங்கிப்போயிருந்தது. பதினெட்டு சுருண்டுவிட்டது. நடுவில் பதினேழு மட்டும் இலையை விரித்துக்கொண்டு ஜம்மென்று நின்றது. மண்ணைத் தொட்டுப் பார்த்தார். மேலே காய்ந்துதான் இருந்தது. விரலை ஆழமாக விட்டார். எடுத்த ஈர விரலைக் கைக்குட்டையில் துடைத்துக்கொண்டு வெளியே போய்விட்டார்.

ஒரு வாரம் ஒன்றும் நடக்கவில்லை. எட்டாம் நாள் பதினேழின் பக்கக் கிளை ஒன்றைத் தானே வெட்டிக் கொண்டுவந்து சீவலக்காவின் மேசையில் வைத்தார்.

"இதைச் சீவி ஒளிவிளக்குப் போட்டுப் பாரு. ஆரஞ்சா தெரியுதா, பச்சையா தெரியுதான்னு மட்டும் சொல்லு."

"சாயம் விட்டிருக்கீங்களா மேடம்?"

"ரெண்டு இடத்துல. தோட்டத்துக்குப் பாய்ச்சுற தண்ணித் தொட்டியில விட்டது ஆரஞ்சா ஒளிரும். நீங்கல்லாம் வராந்தாவுல குடிக்கிற தண்ணி கேன்ல விட்டது பச்சையா ஒளிரும்."

சீவலக்காவின் கை நின்றது. "குடிக்கிற தண்ணியிலயா மேடம்?"

"துளியூண்டு. கண்ணுக்குத் தெரியாது. கண் டாக்டருங்க அதைக் கண்ணுலயே விடுறாங்க, நீ பயப்படாதே. ஆரஞ்சுன்னா ரப்பர்க் குழாயைத் தப்பான செடிக்குக் காட்டிட்டாங்கன்னு அர்த்தம். கைத்தவறு. பச்சைன்னா பாட்டில்ல பிடிச்சுட்டு வந்து ஊத்தியிருக்காங்க. கண்ணாடி வீட்டுக்குச் சாவி மூணு. என்கிட்ட ஒண்ணு, உன்கிட்ட ஒண்ணு, உன் மாப்பிள்ளைகிட்ட ஒண்ணு."

சொல்லிவிட்டு அவள் முதுகுக்குப் பின்னாலேயே நின்றுகொண்டார். கூடவே மாப்பிள்ளையையும் கூப்பிட்டு அனுப்பினார். அவன் கையில் மண்ணோடு வந்து வாசலில் நின்றான்.

சீவலக்கா சீவினாள். முதல் படலம் கிழிந்தது. அவள் கையில் படலம் கிழிந்து பல வருஷம் ஆகியிருந்தது. இரண்டாவது நன்றாக வந்தது. கண்ணாடியில் ஏற்றி, சாயத்தை மினுங்கவைக்கும் ஒளிவிளக்கைப் போட்டுக் குனிந்தாள். மரச் சுவர்களுக்கே லேசான நீல ஒளி உண்டு, அது தெரிந்தது. அந்த நீலத்துக்கு நடுவே குழாய் குழாயாகப் பச்சை. எலுமிச்சைக் காயின் நிறத்தில், ஒரு சந்தேகத்துக்கும் இடமில்லாத பச்சை.

ஆரஞ்சு என்று சொல்லியிருக்கலாம். கைத்தவறு என்று முடிந்துபோயிருக்கும். பிற்பாடு எத்தனையோ தடவை அவள் இதை நினைத்துப் பார்த்தாள். அந்த நேரத்தில் அவள் மனசில் தங்கையும் இல்லை, குழந்தையும் இல்லை. கண் முன்னால் இருப்பதை இல்லை என்று சொல்ல நாக்கு எழவில்லை. ஸ்லைடைத் தப்பாகப் படித்தவள் என்று யாரும் சொல்லிவிடக்கூடாது.

"பச்சை மேடம்."

"அப்போ நீயா, அவனா?"

இதை அவள் எதிர்பார்க்கவில்லை. திரும்பிப் பார்த்தாள். மாப்பிள்ளை அவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். கெஞ்சல் எதுவும் இல்லை. அக்கா என்ன சொல்வாள் என்று தெரிந்துகொள்ளும் ஆர்வம் மாதிரி ஏதோ ஒன்று அந்த முகத்தில் இருந்தது.

"நான் இல்ல மேடம்" என்றாள் சீவலக்கா.

டாக்டரம்மா அவனிடம் நடந்துபோனார். "முப்பது கன்னு செத்துட்டிருக்கு. இது ஒண்ணுக்கு மட்டும் ஏன்?"

அவன் தரையைப் பார்த்தபடி சொன்னான். "மத்ததெல்லாம் சத்தம் போடல மேடம். இது மட்டும்தான் கேட்டுக்கிட்டே இருந்துச்சு. மத்தியானத்துல தாங்க முடியல. நான் குடிக்க வச்சிருந்ததுல பாதியை ஊத்தினேன். ஊத்தினா கொஞ்ச நேரத்துல அடங்கிடும்."

"அடங்கிடுமா?"

"ஆமா மேடம்."

டாக்டரம்மாவின் முகத்தில் ஒரு திருப்தி வந்தது. தேடியது கிடைத்துவிட்ட திருப்தி.

"உன்னை வேலையை விட்டுத் தூக்கலாம். எனக்கு அதுல இஷ்டம் இல்ல. பதினேழுக்கு இன்னையிலேர்ந்து மறுபடியும் தண்ணி கிடையாது. நீ ஒரு ஸ்டூலைப் போட்டு அது பக்கத்துல உட்காரு. காலையில எட்டு மணியிலேர்ந்து சாயந்திரம் ஆறு வரைக்கும். ஒவ்வொரு சத்தத்துக்கும் நோட்டுல ஒரு கோடு போடு. கடைசிச் சத்தம் வர்ற வரைக்கும். முழுசா முடிச்சா நிரந்தரப் பட்டியல்ல உன் பேரு இருக்கும். நடுவுல எழுந்து போனா அப்படியே வீட்டுக்குப் போயிடலாம்."

"மெஷினே எண்ணுதே மேடம்" என்றாள் சீவலக்கா.

"மெஷின் திருட்டுத் தண்ணி ஊத்தலியே."

அவன் உட்கார்ந்தான். முதல் மூன்று நாள் மண்ணில் ஈரம் இருந்தது. சத்தம் அதிகம் இல்லை. நாலாம் நாளிலிருந்து ஆரம்பித்தது. கண்ணாடி வீட்டுக்குள் உச்சி வெயிலில் இரும்புக் கம்பியைத் தொடமுடியாது. அவன் மடியில் நோட்டு, கையில் பென்சில். டிக், ஒரு கோடு. டிக், ஒரு கோடு. அலுவலகத்துப் பையன்கள் வெளியே நின்று கண்ணாடியைத் தட்டி, "மாப்பிள்ளைக்குக் கச்சேரி நடக்குதுடோய்!" என்று சிரித்தார்கள். இரண்டு நாளில் அவர்களுக்கும் சலித்துப்போய் வருவதை நிறுத்திவிட்டார்கள்.

ஐந்தாம் நாள் சாப்பாட்டு நேரத்தில் அவன் சீவலக்காவின் அறைக்கு வந்தான். கண் சிவந்திருந்தது.

"அக்கா, ஒரு வார்த்தை சொல்லிப் பாருங்க. வேற என்ன தண்டனை வேணாலும் கொடுக்கட்டும். சம்பளத்தைப் பிடிச்சுக்கட்டும். வீட்டுக்குப் போயும் காதுல அதேதான் கேக்குது. பாப்பா விளையாட்டுக்கு நாக்கைச் சொடுக்கினா தூக்கிவாரிப் போடுது."

"போய் உட்காருங்க மாப்பிள்ளே. நான் பேசுறேன்."

பேசத்தான் போனாள். டாக்டரம்மா ஏதோ எழுதிக்கொண்டிருந்தார். நிமிரவில்லை.

"மேடம், போதும் மேடம். ஆளு ஒரு மாதிரி ஆயிட்டாரு. தப்புதான். நான் அவருக்காக மன்னிப்புக் கேட்டுக்கிறேன்."

"நீ எதுக்கு? நீதான் இல்லேன்னு சொல்லிட்டியே."

சீவலக்கா வாசல் பக்கம் திரும்பினாள்.

"ஒண்ணு சொல்லட்டுமா?" டாக்டரம்மா இப்போது பேனாவை மூடி வைத்தார். "உன்கிட்ட கொடுக்கிறதுக்கு முன்னாடியே அந்தக் கிளையில ஒரு துண்டை நானே சீவிப் பார்த்துட்டேன். உன் அளவுக்குச் சுத்தமா வராது, ஆனா கலர் தெரிஞ்சுது. பச்சைன்னு எனக்குத் தெரியும். நீ ஆரஞ்சுன்னு பொய் சொல்லுவேன்னு நினைச்சேன். சொந்தத் தங்கச்சி புருஷனாச்சே. சொல்லியிருந்தா ரெண்டு பேரையும் விட்டிருப்பேன். எனக்கு அந்த மாதிரி ஆளுங்களைப் பிடிக்கும்."

"நிஜமாவா மேடம்?"

"தெரியல. இருக்கலாம்." அவர் மறுபடியும் பேனாவைத் திறந்தார். "கதவைச் சாத்திட்டுப் போ."

அது பொய்யோ நிஜமோ, சீவலக்காவுக்கு அன்றிலிருந்து சோறு இறங்கவில்லை. கண்ணாடி வீட்டுப் பக்கம் போவதையே தவிர்த்தாள். வராந்தாவைச் சுற்றிக்கொண்டு பின்வாசல் வழியாக வந்தாள். அங்கேயும் சத்தம் லேசாகக் கேட்டது.

பத்தாம் நாள் ஒரு தொட்டியின் நம்பரைச் சரிபார்க்கவேண்டி வந்து, வேறு வழியில்லாமல் உள்ளே போனாள். மாப்பிள்ளை நிமிர்ந்து பார்த்தான். கண் சிவப்பு போயிருந்தது. தலையை வாரி, சட்டையைத் துவைத்துப் போட்டிருந்தான்.

"வாங்கக்கா. சும்மா நில்லுங்க, ஒண்ணு காட்டுறேன்." பென்சிலை உயர்த்தினான். "இதோ வரும் பாருங்க. இப்போ."

டிக்.

"எப்படி?" அவன் சிரித்தான். "ஒரு பெரிய சத்தம் வந்தா கொஞ்ச நேரம் சும்மா இருக்கும். அப்புறம் சின்னதா ரெண்டு. அப்புறம் ஒரு கொத்து. பத்துக்கு எட்டு சரியா சொல்லிடுறேன்."

சீவலக்காவுக்கு நெஞ்சிலிருந்து ஒரு பாரம் இறங்கினாற்போல இருந்தது. ஆள் தேறிவிட்டான் என்று நினைத்தாள். வீட்டுக்குப் போய் அன்றைக்குத்தான் வயிறாரச் சாப்பிட்டாள். தங்கைக்குப் போன் போட்டு, "இனிமே கவலை இல்லடி, பழகிக்கிட்டாரு" என்று வேறு சொன்னாள்.

பதினாறாம் நாள் மத்தியானம் இரண்டு மணிக்கு மேல் சத்தம் வரவில்லை. விதி சாயந்திரம் ஆறு மணிவரைக்கும்தான். அவன் ஏழுவரைக்கும் உட்கார்ந்திருந்தான். இன்னொன்று வரும் என்று நினைத்தானாம். மறுநாள் தண்டை அடியோடு வெட்டிச் சிவப்புச் சாயத்தில் நிற்கவைத்தார்கள். உயிருள்ள கன்றாக இருந்தால் ஒரு மணி நேரத்தில் குழாயெல்லாம் சிவந்துவிடும். சீவலக்கா சீவிப் பார்த்தாள். ஓரத்தில் ஏழு குழாய் மட்டும் சிவந்திருந்தது. மற்றதெல்லாம் வெறும் ஓட்டை.

அவன் நோட்டில் நாலாயிரத்துச் சொச்சம் கோடு இருந்தது. அவன் ஸ்டூலில் இருந்த நேரத்துக்கு மெஷின் காட்டிய கணக்குக்கும் அதற்கும் முப்பதுகூட வித்தியாசம் இல்லை. டாக்டரம்மா நோட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "பரவாயில்லையே" என்றார். நிரந்தரப் பட்டியலில் அவன் பெயர்தான் முதலில் போனது.

அடுத்த சோதனைக்குக் கருவிகளை மாட்டியது அவன்தான். யாரும் சொல்லாமலே பத்துக் கன்றுக்கு ஸ்பீக்கர் வைத்தான். பத்தும் சேர்ந்து மத்தியானத்தில் ஆலங்கட்டி மழை மாதிரிப் பொரிந்தது. கண்ணாடி வீட்டிலேயே உட்கார்ந்து சாப்பிட்டான். ஒரு மாணவி ஓரத்துக் கன்றுக்கு ஒரு கை தண்ணீர் தெளித்ததை அவன்தான் பார்த்துப் போய்ச் சொன்னான். அந்தப் பெண்ணும் ஸ்டூலில் உட்கார்ந்தாள். மூன்றாம் நாள் எழுந்து ஊருக்குப் போய்விட்டாள்.

"தாங்கல பாருங்க" என்றான் மாப்பிள்ளை, சீவலக்காவிடம். குரலில் ஒரு பெருமை இருந்தது.

அவனை வேறு பிரிவுக்கு மாற்றிவிடுங்கள் என்று சீவலக்கா டாக்டரம்மாவிடம் கேட்டாள். "அவனை மாதிரி ஒரு ஆள் எனக்கு இருபது வருஷமா கிடைக்கல" என்று பதில் வந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் தங்கை குழந்தையோடு வந்தாள். காப்பி போட்டுக் கொடுத்தால் கையில் வைத்துக்கொண்டே இருந்தாள், குடிக்கவில்லை. குழந்தை வாசல் பக்கம் விளையாடப் போனதும் குரலைத் தாழ்த்தினாள்.

"என் புருஷனை அங்க என்னக்கா பண்ணீங்க?"

"என்ன ஆச்சு? அடிக்கிறாரா?"

"அடிச்சாத்தான் பரவாயில்லயே. குடிக்கல, கத்தல, சம்பளத்தை அப்படியே கையில கொடுக்குறாரு. போன வாரம் பாப்பா பொம்மை உடைஞ்சு போச்சுன்னு அழுதா. நான் மாடியில துணி காயப்போட்டுட்டு இருந்தேன். இவர் சமாதானம் பண்ணுவாருன்னு விட்டுட்டேன். ரொம்ப நேரம் ஆகியும் அழுகை நிக்கலியேன்னு இறங்கி வந்து பார்த்தா, நாற்காலியைப் போட்டு அவளுக்கு எதிர்ல உட்கார்ந்திருக்காரு. தொடல, பேசல. கையில கடிகாரம். என்னைப் பார்த்ததும் ஷ்ஷுன்னு விரலைக் காட்டுறாருக்கா. 'இரு, இப்போ கொஞ்சம் அடங்கும், அப்புறம் ஒரு பெரிய அழுகை வரும், அத்தோட முடிஞ்சுது'ன்னு சொல்றாரு. அதே மாதிரி வந்துச்சு. அத்தோட முடிஞ்சுது. 'நாப்பத்தி ஒரு நிமிஷம்'னு எழுதி வச்சுக்கிட்டாரு."

சீவலக்கா எட்டி வாசலில் குழந்தையைப் பார்த்தாள்.

"அதுக்கப்புறம் நாலு தடவை ஆயிடுச்சு. ரெண்டு தடவை அவரே அழ வச்சாரு. கேட்டா, 'அடிச்சேனா, திட்டினேனா? சும்மா பார்த்தேன்'னு சொல்றாரு."

"நான்... நான் அன்னைக்கு அங்க..." என்று ஆரம்பித்தாள் சீவலக்கா.

"தெரியும். சொன்னாரு." தங்கை முதல் தடவையாக அக்காவை நேராகப் பார்த்தாள். "உன் மேல அவருக்குக் கோவமே இல்ல. 'உங்கக்கா சரியாத்தான் சொன்னாங்க. நானா இருந்தாலும் நான் இல்லேன்னுதான் சொல்லியிருப்பேன்'னு சிரிச்சுக்கிட்டே சொல்றாரு. நீ அவரைத் திட்டுவேன்னு நினைச்சு வந்தேன்க்கா. நாலு வார்த்தை கேளு. உன் பேச்சைக் கேப்பாரு."

கேட்டால் அவன் எப்படி உட்கார்ந்து தன்னைப் பார்த்துக்கொண்டிருப்பான் என்று அவளுக்குத் தெரிந்தது.

"வேலை நிரந்தரம் ஆயிடுச்சு இல்ல" என்றாள் சீவலக்கா. "கொஞ்சம் பொறுத்துக்கோ."

தங்கை காப்பியை அப்படியே கீழே வைத்துவிட்டு எழுந்தாள். அதற்கப்புறம் அவள் அந்த வீட்டுக்கு வரவில்லை.

அன்று வாசலில் குழந்தை அம்மாவைக் கண்டதும் ஓடிவந்தது. படியில் கால் தடுக்கி முட்டி தரையில் பட விழுந்தது. தோல் உரிந்து ரத்தம் வந்துவிட்டது. சீவலக்கா பதறிப்போய் ஓடி அதைத் தூக்கினாள். குழந்தையின் வாய் கோணியது. கண்ணில் தண்ணீர் நிறைந்தது. சத்தம் மட்டும் வரவில்லை. அது உதட்டைக் கடித்துக்கொண்டு பெரியம்மாவின் மணிக்கட்டில் கட்டியிருந்த கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தது.

"அழுடி கண்ணு" என்றாள் சீவலக்கா. "வலிக்குதுல்ல, அழு."

குழந்தை அழவில்லை. தங்கை வந்து அதைப் பிடுங்காத குறையாக வாங்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல் தெருவில் இறங்கி நடந்தாள்.